கதவைச் சாத்தினாலும் நட்டம், திறந்தாலும் நட்டம்

(நெல் விலை குறித்து ஒன்றியப் பேரவையில் சங்கச் செயலாளர் ஆற்றிய உரை)



போன மாதம் கிளைக் கூட்டத்துல ஒரு பெரியவர் எழுந்து ஒரு கேள்வி கேட்டார். "2023ஆம் வருசம் அமெரிக்காவுல நம்ம ஆளுங்க அரிசி மூட்டைக்கு வரிசையில நின்னாங்க. குடும்பத்துக்கு ஒரு மூட்டைதான்னு கடையில எழுதிப் போட்டாங்க. பேரன் போன்ல காட்டினான். உலகம் பூரா அரிசிக்கு அப்படிக் கிராக்கி இருக்குன்னா, நம்ம நெல்லை மட்டும் வியாபாரி ஏன்யா அடிமாட்டு விலைக்குக் கேக்கறான்?"

நாங்கள் அன்றைக்குச் சரியான பதில் சொல்லவில்லை. "எல்லாம் மத்திய அரசின் கொள்கை" என்று வழக்கமாகச் சொல்வதைச் சொல்லிவிட்டு உட்கார்ந்து விட்டோம். பெரியவருக்கு அது பதிலாகப் படவில்லை, முகத்திலேயே தெரிந்தது. அதற்கப்புறம் உட்கார்ந்து கணக்கெல்லாம் எடுத்துப் பார்த்தோம். அதைத்தான் இன்றைக்கு உங்கள் முன்னால் வைக்கிறோம். கொஞ்சம் எண்கள் வரும். மூட்டைக் கணக்கு பார்க்கிறவர்களுக்கு இது ஒன்றும் பெரிய கணக்கு இல்லை.

முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். உலகத்திலேயே அதிகமாக அரிசி ஏற்றுமதி செய்கிற நாடு இந்தியா. முன்பு தாய்லாந்து முதலிடத்தில் இருந்தது. 2012இல் நாம் முந்தினோம். உலகச் சந்தையில் கைமாறுகிற அரிசியில் பத்து மூட்டைக்கு நான்கு மூட்டை நம் நாட்டு அரிசி. 2022-23இல் வெளியே போனது ஏறக்குறைய 2.2 கோடி டன். அதனால் டெல்லியில் கதவைச் சாத்தினால் உலகமெங்கும் விலை ஏறும். திறந்துவிட்டால் இறங்கும். உலக அரிசி விலையின் சாவி நம் நாட்டின் கையில் இருக்கிறது. ஆனால் அந்தச் சாவி ஒருநாளும் நம் கைக்கு வந்ததில்லை.

இது புதுசும் இல்லை. எங்கள் தகப்பனார் காலத்தில் லெவி என்று நெல்லை அளக்கச் சொன்னார்கள். மாவட்ட எல்லை தாண்டி ஒரு மூட்டை நெல் கொண்டுபோக முடியாது, செக்போஸ்ட்டில் பிடித்து வைத்துக்கொள்வார்கள். அந்தக் கதையை வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டால் விடிய விடியச் சொல்வார்கள். அப்போது தடுப்பு மாவட்ட எல்லையில் இருந்தது, இப்போது துறைமுகத்தில் இருக்கிறது. அவ்வளவுதான் வித்தியாசம்.

2008ஐ ஞாபகப்படுத்திப் பாருங்கள். 2007 அக்டோபரில் பாசுமதி தவிர மற்ற அரிசி ஏற்றுமதிக்குத் தடை போட்டார்கள். கொஞ்ச நாளில், இவ்வளவு டாலருக்குக் குறையாமல் விற்றால் அனுப்பலாம் என்று மாற்றினார்கள். 2008 ஏப்ரலில் முழுசாகச் சாத்திவிட்டார்கள். அந்த ஏப்ரல், மே மாதங்களில் தாய்லாந்து அரிசி டன் 1,000 டாலரைத் தொட்டது. அன்றைக்கு டாலர் சுமார் 40 ரூபாய். அப்படியானால் அரிசி கிலோ 40 ரூபாய். ஒரு குவிண்டால் நெல்லை அரைத்தால் 67 கிலோ அரிசி வரும் என்பது அரசாங்கமே வைத்திருக்கிற கணக்கு. 67ஐ 40ஆல் பெருக்குங்கள், 2,680 ரூபாய். அந்தப் பருவத்தில் நம் குவிண்டால் நெல்லுக்கு மத்திய அரசு நிர்ணயித்த விலை 645 ரூபாய், மேலே 100 ரூபாய் போனஸ். மொத்தம் 745. அரவைக் கூலி, லாரி வாடகை, கப்பல் கூலி, வியாபாரி லாபம் எல்லாவற்றையும் கழித்தாலும் இவ்வளவு பெரிய வித்தியாசம் எங்கே போயிற்று என்று யாரும் கேட்கவில்லை. நாமும் கேட்கவில்லை.

இதில் ஒரு வேடிக்கை. கதவு சாத்தியிருந்த காலத்திலும் அரிசி வெளியே போய்க்கொண்டுதான் இருந்தது. அரசாங்கத்துக்கும் அரசாங்கத்துக்கும் ஒப்பந்தம் என்று பொதுத்துறை நிறுவனங்கள் மூலமாக ஆப்பிரிக்க நாடுகளுக்கு அனுப்பினார்கள். பசிக்கிற நாட்டுக்குக் கொடுப்பதை நாம் தப்புச் சொல்லவில்லை. ஆனால் அந்த வழியில் போன அரிசியின் விலைக்கும் நாம் நெல் போட்ட விலைக்கும் சம்பந்தமே இல்லை.

அந்தத் தடையை எடுத்தது 2011 செப்டம்பரில். அதற்குள் 1,000 டாலர் காலம் போய் 600 டாலர் சுற்றுவட்டத்துக்கு வந்துவிட்டது. அதே நேரத்தில் தாய்லாந்து அரசாங்கம் தன் விவசாயியிடம் டன் 15,000 பாட் என்று சந்தையைவிட அதிக விலை கொடுத்து நெல்லை வாங்கிக் குவித்தது. நாம் நிறுத்தி வைத்தால் உலக விலை ஏறும், அப்போது விற்கலாம் என்பது அவர்கள் கணக்கு. இந்தியா கதவைத் திறந்ததும் அந்தக் கணக்கு கவிழ்ந்துபோனது. அரிசி கிடங்கில் தங்கியது. நெல் போட்ட தாய்லாந்து விவசாயிகள் பணத்துக்காக மாதக்கணக்கில் காத்திருந்து 2014இல் தெருவுக்கு வந்தார்கள். அவர்களும் நம்மைப் போலக் கோவணத்தை இறுக்கிக் கட்டிக்கொண்டு சேற்றில் இறங்குகிறவர்கள்தான். நம் நாட்டுக் கதவு திறந்ததில் அவர்கள் வயிற்றில் அடி விழுந்தது. நமக்கும் ஒன்றும் மிஞ்சவில்லை.

2023இல் நடந்தது

இப்போது பெரியவர் கேட்ட 2023க்கு வருவோம். 2022 செப்டம்பரில் குருணை ஏற்றுமதியைத் தடை செய்து, பச்சரிசிக்கு 20 சதவீத வரி போட்டார்கள். 2023 ஜூலை 20ஆம் தேதி பாசுமதி அல்லாத வெள்ளை அரிசி ஏற்றுமதியை முழுசாக நிறுத்தினார்கள். கடையில் அரிசி விலை ஒரு வருசத்தில் 11.5 சதவீதம் ஏறிவிட்டது, மக்களைக் காப்பாற்றத்தான் இந்தத் தடை என்று அறிக்கை கொடுத்தார்கள். ஆகஸ்டில் புழுங்கல் அரிசிக்கும் 20 சதவீத வரி. அந்த மாதம் உலக அரிசி விலை 15 வருசத்தில் இல்லாத உயரத்துக்குப் போனது. தாய்லாந்து, வியட்நாம் அரிசி டன் 650 டாலர் அளவுக்கு விற்றது. அமெரிக்காவில் வரிசை நின்றது அந்த நேரத்தில்தான். பாசுமதிக்குத் தடை இல்லை என்பதையும் கவனிக்க வேண்டும். அது பெரிய கம்பெனிகளின் சரக்கு.

அதே கணக்கைப் போடுங்கள். 650 டாலர், டாலருக்கு 83 ரூபாய் என்றால் கிலோ 54 ரூபாய். 67 கிலோவுக்கு 3,600 ரூபாய்க்கு மேலே. அந்தப் பருவத்தில் நமக்கு மத்திய அரசு நிர்ணயித்த விலை 2,183. தமிழ்நாடு அரசு ஊக்கத்தொகை 82 ரூபாய் சேர்த்துப் பொதுரகத்துக்கு 2,265. வியட்நாம்காரன் அந்த விலையை வாங்கினான். நாம் வாங்கவில்லை. இந்த முறை போனஸ் என்று பேச்சுக்குக்கூட 100 ரூபாய் தரவில்லை.

சரி, தடை போட்டதால் ஊரில் அரிசி விலையாவது இறங்கியதா? நம்மில் பாதிப்பேர் பருவத்துக்கு நெல் விற்றுவிட்டு, ஆறு மாதம் கழித்துக் கடையில் அரிசி வாங்குகிறவர்கள். விவசாயத் தொழிலாளர் குடும்பங்கள் வருசம் பூரா வாங்குகிறவர்கள். அரிசி விலை இறங்கட்டும் என்று நினைக்கிற உரிமை நமக்கும் உண்டு. ஆனால் இறங்கவில்லை, தோழர்களே. 2024 பிப்ரவரியில் மத்திய அரசே வண்டி வைத்து, பாரத் அரிசி என்று கிலோ 29 ரூபாய்க்கு விற்க வேண்டிய நிலை வந்தது. தடை போட்டு ஆறு மாதம் கழித்து இந்த நிலை.

அந்த வருசம் நம் பக்கம் என்ன ஆயிற்று என்று சொல்லத் தேவையில்லை. 2023 ஜூன் 12இல் மேட்டூர் திறந்தார்கள். நம்பிக் குறுவை போட்டோம். கர்நாடகம் தண்ணீர் தரவில்லை, அக்டோபர் 10ஆம் தேதி அணையை மூடினார்கள். கடைமடையில் கதிர் வருகிற பயிர் கண் முன்னாலேயே காய்ந்தது. அதற்கப்புறம் 2024 தையில் சம்பா நெல்லுக்கு வியாபாரி களத்துக்கே வந்து கூடுதலாகக் கொடுத்தது உண்மைதான், மறைக்க வேண்டியதில்லை. சன்னரகம் வைத்திருந்தவர்களுக்கு நல்ல விலை கிடைத்தது. ஆனால் அந்த விலை வந்தபோது விற்பதற்கு நெல் எத்தனை பேரிடம் இருந்தது? இருந்த நெல்லுக்கு விலை இல்லை, விலை வந்தபோது நெல் இல்லை.

திறந்தார்கள், என்ன வந்தது?

2024 செப்டம்பர் 28இல் தடையை எடுத்தார்கள். 490 டாலருக்குக் குறையாமல் விற்க வேண்டும் என்று முதலில் ஒரு வரம்பு, ஒரு மாதத்துக்குள் அதுவும் போயிற்று. புழுங்கல் அரிசி வரி 10 ஆகி, பிறகு இல்லாமலே ஆயிற்று. 2025 மார்ச்சில் குருணைத் தடையும் நீங்கியது. ஏற்றுமதியாளர் சங்கங்கள் இனிப்பு கொடுத்திருப்பார்கள். விவசாயிக்கு விடிவுகாலம் என்று நம் பத்திரிகைகளிலும் எழுதினார்கள்.

நடந்தது என்ன? சாத்தியிருந்த காலத்தில் குவிந்த அரிசியும் புது அறுவடையும் சேர்ந்து வெளியே போயிற்று. 2023-24இல் 1.6 கோடி டன்னாகக் குறைந்திருந்த ஏற்றுமதி 2024-25இல் 2 கோடி டன்னாக ஏறியது. உலக விலை சரிந்தது. இந்தோனேசியா நம்மிடம் வாங்குவதை நிறுத்திக்கொண்டது. பிலிப்பைன்ஸ் 2024இல் இறக்குமதி வரியை 35இலிருந்து 15 சதவீதமாகக் குறைத்துப் பார்த்தது. அவர்கள் ஊர் நெல் விலை விழுந்ததும் அங்கேயும் விவசாயி கூக்குரல் போட்டான். 2025 செப்டம்பர் முதல் தேதியிலிருந்து, அறுவடைக் காலத்தில் வெளிநாட்டு அரிசியே வேண்டாம் என்று நிறுத்தி, அந்தத் தடையை வருசக் கடைசி வரை நீட்டினார்கள். அறுவடைக் காலத்தை மனதில் வைத்து ஒரு அரசாங்கம் துறைமுகத்தைப் பூட்டியது. நம் நாட்டில் அப்படி அறுவடைத் தேதியைப் பார்த்து ஒரு உத்தரவு வந்ததாக எங்களுக்கு ஞாபகம் இல்லை.

2025 கடைசியில் நம் புழுங்கல் அரிசி டன் 350 டாலர் அளவுக்கு இறங்கிவிட்டது. டாலர் 88 ரூபாய். கிலோ 31 ரூபாய்கூட வரவில்லை. 67 கிலோவுக்கு 2,060 ரூபாய் சொச்சம். அந்தப் பருவத்துக்கு மத்திய அரசு நிர்ணயித்த விலை 2,369. தவிடு, உமிக் காசைச் சேர்த்தாலும், அரவையும் வாடகையும் போனால், எந்த வியாபாரி 2,369 கொடுத்து வாங்குவான்? கொடுக்கவே முடியாது. பெரியவர் கேட்ட கேள்விக்குப் பாதி பதில் இதுதான். வியாபாரி கெட்டவன் என்பதால் மட்டும் குறைத்துக் கேட்கவில்லை. அவனுக்கு மேலே இருக்கிற விலையே விழுந்து கிடக்கிறது. ஆனால் 650 டாலர் விற்றபோது அந்த ஏற்றம் கீழே நம் களத்துக்கு வரவில்லை, 350க்கு விழுந்தபோது அந்த இறக்கம் மட்டும் மறுநாளே வந்துவிட்டது. இதுதான் மீதிப் பதில்.

இன்னொன்றும் நடந்தது. நாட்டின் நெல் விளைச்சல் 2024-25இல் அரிசியாக 15 கோடி டன் ஆயிற்று. உணவுக் கழகக் கிடங்குகளில் 2025 ஜூலையில் இருக்க வேண்டியதைப் போல இருமடங்குக்கும் மேலே அரிசி இருந்தது. அதைக் காலி பண்ண வழி தேடினார்கள். கிலோ 40 ரூபாய்க்கு நெருக்கமாக அரசாங்கத்துக்கு அடக்கமாகிற அரிசியை, 2025 ஜனவரியில் எத்தனால் ஆலைகளுக்குக் கிலோ 22 ரூபாய் 50 காசுக்குக் கொடுக்க உத்தரவு போட்டார்கள். அந்த வருசத்துக்கு ஒதுக்கியது 52 லட்சம் டன். மக்கள் சாப்பிட அரிசி போதாது என்று 2023 ஜூலையில் கதவைச் சாத்திய அதே கை, ஒன்றரை வருசத்தில் அதே அரிசியைச் சாராயம் காய்ச்சி வண்டிக்கு ஊற்றப் பாதி விலைக்குக் கொடுத்தது. இதற்கு மேலே நாங்கள் என்ன சொல்ல?

அரிசி விலை பெரிய இடத்தையும் ஆட்டும் என்பதற்கு ஒரு சின்னச் செய்தி. 2025இல் ஜப்பானில் அரிசி விலை இரண்டு மடங்கானது. அந்த நாட்டு விவசாய அமைச்சர், "நான் அரிசி விலை கொடுத்து வாங்கியதே இல்லை, ஆதரவாளர்கள் கொண்டுவந்து தருகிறார்கள்" என்று பேசிவிட்டார். சில நாளில் பதவி போயிற்று. இங்கே அப்படிப் பேசினால் மாலை போடுவார்கள்.

களத்தில் கிடந்த நெல்

2025 அக்டோபரை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். அந்த வருசம் தண்ணீர் வந்தது, குறுவை அமோகமாக விளைந்தது. வெளியே விலை இல்லாததால் வியாபாரி ஒதுங்கிக்கொண்டான். எல்லா நெல்லும் நேரடி கொள்முதல் நிலையத்துக்கே வந்தது. நிலையங்களில் பிடித்த மூட்டை லாரி வராமல் அடுக்கிக் கிடந்தது. இடம் இல்லாமல் புதுசாகப் பிடிக்க முடியவில்லை. செறிவூட்டிய அரிசி கலக்க மத்திய ஒப்புதல் தாமதம் என்று மாநில அரசு காரணம் சொன்னது. அவர்கள் இவர்களைச் சொல்ல, இவர்கள் அவர்களைச் சொல்ல, டெல்டா முழுக்க நெல் ரோட்டிலும் களத்திலும் மழையில் நனைந்தது. ஈரப்பதம் 17 சதவீதத்துக்கு மேல் போனால் எடுக்க மாட்டார்கள். 22 வரைக்கும் தளர்த்தச் சொல்லி மாநில அரசு கேட்டது. மத்தியக் குழு வந்து நெல்லை அள்ளி எடுத்துப்போய்ப் பார்த்தது. தளர்வு வரவில்லை.

எங்கள் ஊரில் எங்கள் சொந்த நெல்லே பதினொரு நாள் குவியலாகக் கிடந்தது. படுதா போட்டு மூடினோம். அடியில் சூடேறி முளை கட்டிவிட்டது. வீட்டில் நகைக்கடன் வட்டி ஏறிக்கொண்டிருக்க, கடைசியில் ஒரு வியாபாரிக்கு 60 கிலோ மூட்டை 1,050 ரூபாய்க்குத் தள்ளிவிட்டோம். சங்கச் செயலாளரே இப்படிச் செய்யலாமா என்று கேட்டால், பதில் இல்லை. அந்தப் பருவத்துக்குப் பொதுரகத்துக்குத் தமிழ்நாடு அரசு ஊக்கத்தொகை 131 சேர்த்துக் குவிண்டால் 2,500 ரூபாய். 60 கிலோவுக்கு 1,500. மூட்டைக்கு 450 ரூபாய் நட்டம். ஏக்கருக்கு 30 மூட்டை கண்டது. 13,500 ரூபாய் ஒரே நாளில் போயிற்று. உரம், அறுவடை மிசின் வாடகை, கூலி எல்லாம் கொடுத்தபிறகு ஒரு ஏக்கரில் மிஞ்சுவது அவ்வளவுகூட இருக்காது என்று இங்கே உட்கார்ந்திருக்கிற எல்லோருக்கும் தெரியும்.

இதிலிருந்து நாங்கள் புரிந்துகொண்டதைச் சொல்கிறோம். ஏற்றுமதித் தடையே கூடாது, கதவைத் திறந்து போட்டால் போதும், விவசாயி செழிப்பான் என்று சில சங்கங்கள் பேசுகின்றன. அவர்களோடு நாங்கள் முழுசாக ஒத்துப்போகவில்லை. 2025இல் கதவு திறந்துதான் இருந்தது. அறுத்த நெல்லைப் பதினைந்து நாள்கூட வைத்திருக்க முடியாத ஐந்து ஏக்கர்க்காரனுக்கு, குத்தகைக்காரனுக்கு, துறைமுகம் திறந்திருந்து என்ன, மூடியிருந்து என்ன? கிடங்கு உள்ளவனுக்குத்தான் அந்தக் கதவு. நாட்டில் பஞ்சம் வந்தால் அரசாங்கம் தடை போடட்டும், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் நாட்டுக்காக விலையை விட்டுக்கொடு என்று நம்மிடம் சொன்னால், விட்டுக்கொடுத்த விலையை அரசாங்கம் கொடுக்க வேண்டும். 2007இல் 100 ரூபாய் போனஸ் என்று கொடுத்த வழக்கமே இருக்கிறது. 2023இல் ஏன் இல்லை? அன்றைக்கு இதைக் கேட்டு நம் சங்கம் ஒரு சுவரொட்டிகூட ஒட்டவில்லை. அது நம் தவறு.

இரண்டாவது, ஆதார விலை. எம்.எஸ். சுவாமிநாதன் தலைமையிலான விவசாயிகள் ஆணையம் 2006இலேயே உற்பத்திச் செலவோடு ஐம்பது சதவீதம் சேர்த்துக் கொடு என்றது. கொடுத்துவிட்டோம் என்கிறார்கள். எப்படி? கைக்காசு செலவையும் வீட்டு ஆள் உழைப்பையும் மட்டும் எடுத்து, 2025-26க்குக் குவிண்டால் 1,579 ரூபாய் செலவு என்று வைத்து, பாதி சேர்த்து 2,369 என்றார்கள். சொந்த நிலத்துக்கான வாடகை மதிப்பும் சொந்த முதலுக்கு வட்டியும் அந்தக் கணக்கில் இல்லை. அதையும் சேர்த்தால் 3,100 ரூபாய்க்கு மேலே வந்திருக்க வேண்டும்.  அந்த விலைக்கும் சட்டப் பாதுகாப்பு கிடையாது. 2021இல் மூன்று சட்டங்களை வாபஸ் வாங்கிய பிறகு, 2022 ஜூலையில் ஒரு குழு போட்டார்கள். ஆதார விலைக்குக் கீழே யார் வாங்கினாலும் குற்றம் என்று சட்டம் வந்தால்தான், அந்த 1,050 ரூபாய் வியாபாரியைக் கேள்வி கேட்க முடியும்.

மூன்றாவது நம் கைக்கு எட்டுகிற விசயம். அறுவடைக்குப் பத்து நாள் முன்னாடியே நிலையம் திறக்க வேண்டும். பிடித்த மூட்டையை இரண்டு நாளில் நகர்த்த வேண்டும். ஒவ்வொரு நிலையத்திலும் கான்கிரீட் களம், நெல் உலர்த்தும் இயந்திரம் வேண்டும். வடகிழக்குப் பருவமழை ஐப்பசியில் வரும் என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அதற்கு ஈரப்பதத் தளர்வை மழையில் நனைந்தபிறகு கேட்டு, குழு வந்து, அறிக்கை போய், பதில் வருவதற்குள் நெல் நாற்றாகிவிடுகிறது. குறுவைப் பருவத்துக்கு 22 சதவீதம் என்று நிரந்தரமாக உத்தரவு வேண்டும். சுமைக்கூலி என்ற பெயரில் மூட்டைக்கு இவ்வளவு என்று நாம் எடுத்து வைக்கிற காசைப் பற்றி இன்றைக்குப் பேச நேரமில்லை. அதற்கு ஒரு தனிக் கூட்டமே போட வேண்டும்.

இந்தக் கோரிக்கைகளை வைத்து வரும் திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு வட்டாட்சியர் அலுவலகம் முன்பாக உட்காருகிறோம். எல்லாக் கிளைகளும் வர வேண்டும். கடைமடை ஊர்க்காரர்களுக்குச் சங்கம் இரண்டு வேன் பேசியிருக்கிறது, ஏழரை மணிக்குப் பள்ளிக்கூடம் பக்கத்தில் நிற்கும். வியாபாரியிடம் குறைந்த விலைக்குப் போட்டவர்கள் எத்தனை மூட்டை, என்ன விலை, என்ன தேதி என்று ஒரு தாளில் எழுதி, சிட்டா அடங்கல் நகலோடு கொண்டுவாருங்கள். குத்தகைக்காரர்களிடம் அடங்கல் இருக்காது, கிராம நிர்வாக அலுவலரிடம் சாகுபடிச் சான்று கேளுங்கள், தராவிட்டால் கிளைச் செயலாளரிடம் சொல்லுங்கள். எழுதத் தெரியாதவர்களுக்கு எழுதிக் கொடுக்க இளைஞர்கள் மூன்று பேர் ஞாயிறு சாயந்திரம் சங்கக் கொட்டகையில் இருப்பார்கள். மதியத்துக்குச் சோறு அங்கேயே ஆக்குகிறோம், வீட்டுக்கு ஒருபடி அரிசி கொண்டுவாருங்கள்.